அதிர்ஷ்டம் கிலோ என்ன விலை?

எங்கள் தெருவில் அதிர்ஷ்டத்தை எடை போட ஆரம்பித்த முதல் வாரத்திலேயே ரொட்டிக் கடையில் கூட்டம் குறைந்துவிட்டது. ரொட்டி நாளைக்கும் கிடைக்கும். அதிர்ஷ்டம் அப்படியா? விடிந்தும் விடியாமலும் ஜனம் வந்து வரிசையில் நின்றது. மழை பெய்தால் குடை பிடித்துக்கொண்டு நின்றது. சிலபேர் தங்களுக்குப் பதிலாகக் கைப்பையை வரிசையில் உட்கார வைத்துவிட்டு, ஆபீசுக்குப் போய்க் கையெழுத்துப் போட்டுவிட்டு, திரும்பி வந்து கைப்பைக்குப் பின்னால் நின்றார்கள். பஸ் நிறுத்தத்தில் இரண்டு பேர் சந்தித்தால் சௌக்கியமா என்று கேட்பதை விட்டுவிட்டு, "எவ்வளவு கசிஞ்சிருக்கு?" என்று விசாரித்தார்கள்.

எதிர்ச்சாரியில் சாவி வெட்டுகிறவன் நான். ஆறடிக்கு நாலடிக் கடை. வேலை கொஞ்சம், ஜன்னல் பெரியது. அதனால் தெருவில் நடப்பது எதுவும் எனக்குத் தெரியாமல் நடக்காது.

கடன்பட்டு மூடிப்போன ஒரு செருப்புக் கடையைத்தான் அவர் வாடகைக்கு எடுத்திருந்தார். உள்ளே கம்பளம் விரித்து, நடுவில் ஒரு பெரிய மேடைத் தராசு. அதன் மேல் நாற்காலி. முகம் பார்க்கும் கண்ணாடி அளவுக்கு ஒரு வட்டம், அதில் ஒரு கறுப்பு முள். தராசு வைத்திருந்ததால் ஜனம் அவருக்குத் தராசு என்று பெயர் வைத்தது. அவர் வெள்ளைக் கோட்டு போட்டிருந்ததால் ஒரு மரியாதைக்குத் தராசார் ஆக்கியது.

தராசார் சாமியாடவில்லை. குறி சொல்லவில்லை. கூப்பாடு போடவில்லை. மென்மையாகப் பேசுவார். "ஜோசியம் கிடையாது, மந்திரம் கிடையாது. இது சுத்தமான எடை. மனுஷன் பொய் சொல்லுவான், முள் பொய் சொல்லுமா?" என்பார். இதைக் கேட்டு முதலில் விழுந்தது படித்தவர்கள்தான். படிக்காதவர்கள், படித்தவர்களே போகிறார்களே என்று பின்னால் போனார்கள்.

அவருடைய தத்துவம் எளிமையானது. அதிர்ஷ்டத்துக்கு எடை உண்டு. அது உடம்பில் இருந்து குதிகால் வழியாகக் கசிகிறது. ஏன் குதிகால் என்று யாரும் கேட்கவில்லை. முழங்கை என்று சொல்லியிருந்தாலும் கேட்டிருக்க மாட்டார்கள்.

நாற்காலியில் உட்கார வேண்டும். முள் ஓர் எடை காட்டும். தராசார் எதிரே தன் ஆசனத்தில் அமர்ந்து, "கண்ணை மூடுங்க, மூச்சை மெதுவா விடுங்க" என்பார். சுற்றி நிற்கிறவர்கள் பார்க்கப் பார்க்க முள் மெல்லக் கீழே இறங்கும். எவ்வளவு இறங்குகிறதோ அவ்வளவு அதிர்ஷ்டம் கசிந்துவிட்டது என்று அர்த்தம். பிறகு கையில் ஒரு செப்புக் குண்டைக் கொடுப்பார். அதைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தால் முள் கொஞ்சம் ஏறும். முழுக்க ஏற ஏழு தடவை வர வேண்டும். ஏழு தடவையும் சும்மா வர முடியாது என்பதைச் சொல்லத் தேவையில்லை.

சலூன்காரர் உட்கார்ந்த அன்று நானே வாசலில் நின்று கேட்டேன்.

"எழுபத்தொண்ணுல இருந்து எழுபதுக்கு வந்துட்டீங்க. ஒரு கிலோ போயிருக்கு" என்றார் தராசார்.

"அதான் பார்த்தேன். போன மாசம் கடையில பெரிய கண்ணாடி உடைஞ்சுது."

"யாரால?"

"என் மச்சானால. என்கூடச் சண்டை போட்டு நாற்காலியைத் தூக்கி எறிஞ்சான்."

"அவர் எறியலை. உங்க குதிகால் எறிய வெச்சுது."

சலூன்காரர் கண் கலங்கிவிட்டார். அன்று சாயங்காலமே மச்சானிடம் போய் மன்னிப்புக் கேட்டார். மச்சான், புதுக் கண்ணாடிக்குத் தர வேண்டியதைத் தராமலே மன்னித்தார்.

கசிவை அடைக்க ஒரு சாதனமும் இருந்தது. குதிகால் மூடி. கறுப்பு ரப்பரில், லாட வடிவில், செருப்புக்கும் காலுக்கும் நடுவே வைத்துக் கட்டிக்கொள்வது. கொஞ்ச நாளில் தெருவே சாவி கொடுத்த பொம்மை மாதிரி நடக்க ஆரம்பித்தது.

ஊரைச் சொல்கிறேனே, என்னை விட்டுவிடலாமா? ஒரு செவ்வாய்க்கிழமை, வியாபாரமே இல்லாத பொழுதில், நானும் போய் உட்கார்ந்தேன். எண்ணூறு கிராம் என்றார். எனக்கு இரண்டு நாள் சோறு இறங்கவில்லை. மூடியும் வாங்கினேன். இன்னும் வைத்திருக்கிறேன், மேஜைக்கால் ஆடாமல் இருக்க ரொம்ப உபயோகம்.

அதிர்ஷ்டம் நிரம்பியவர்கள் என்ன ஆனார்கள் என்று கேட்பீர்கள். கூரை மேஸ்திரிக்கு ஏழாவது தடவையில் நிரம்பியது. இனி என்ன பயம் என்று இடுப்பில் கயிறு கட்டாமல் மூன்றாம் மாடிக் கூரையில் ஏறினார். சறுக்கி, இரண்டாம் மாடிச் சன்ஷேடில் விழுந்து கால் முறிந்தது. தராசார் ஆஸ்பத்திரிக்கே போய்ப் பார்த்தார். "நிரப்பாம இருந்திருந்தா கழுத்து" என்றார். மேஸ்திரியின் மனைவி கையெடுத்துக் கும்பிட்டாள். நிரம்பியவனுக்கு அதிர்ஷ்டத்தால் கால் தப்பியது, கால் போனால் கழுத்து தப்பியது. நிரம்பாவிட்டால் கசிவு. எந்தப் பக்கம் விழுந்தாலும் மீசையில் மண் ஒட்டாத வியாபாரம். நானும் சாவி வெட்டுகிறேனே, பூட்டு திறக்காவிட்டால் பூட்டின் குதிகாலைக் குற்றம் சொல்ல முடிகிறதா?

இந்த இடத்தில்தான் பார்சல் அக்கா வருகிறாள்.

தெருக்கோடியில் இருக்கும் பார்சல் ஆபீசில் எடை போடுகிற வேலை அவளுக்கு. இருபத்திரண்டு வருஷமாக அதே கவுண்ட்டர். தினமும் காலையில் கதவைத் திறப்பதற்கு முன்னால் முதல் வேலையாகத் தராசில் எடைக்கல்லை வைத்துப் பார்ப்பாள். முள் ஒரு மயிரிழை தள்ளி நின்றாலும் அதைச் சரிசெய்யாமல் ஷட்டரைத் தூக்க மாட்டாள். வெளியே யார் கத்தினாலும் சரி.

அவள் தம்பி கிடங்கில் மூட்டை தூக்குகிறவன். பதினோரு வருஷம் சுமந்ததில் இடுப்பு போய்விட்டது. வயது முப்பதுதான். ஒன்றரை வயதுப் பெண் குழந்தை ஓடி வந்து காலைக் கட்டிக்கொண்டால் குனிந்து தூக்க முடியாமல் நிற்பான். கிடங்கில் சுமைதூக்கி வண்டி ஓட்ட ஆள் எடுத்தார்கள். உட்கார்ந்தே செய்கிற வேலை. ஓட்டிக் காட்ட வேண்டும். சரக்கு அடுக்கிய பலகையை வண்டியின் முன்னால் நீண்டிருக்கும் இரும்பு முள்கரண்டியால் தூக்கி, மூன்றாம் தட்டில் ஏற்றி, இடிக்காமல் பின்னால் எடுக்க வேண்டும்.

முதல் தடவை பதற்றத்தில் கோட்டை விட்டான். இரண்டாவது தடவை எச்சரிக்கையாகக் குதிகால் மூடி கட்டிக்கொண்டு போனான். மூடியின் தடிமனில் பிரேக் எங்கே இருக்கிறது என்று கால் அறியவில்லை. பலகை தட்டில் மோதி, அடுக்கே ஆடியது. அதிர்ஷ்டத்தைக் காலுக்குள் பூட்டி வைத்தான், வேலை கையை விட்டுப் போனது. தராசாரிடம் வந்து அழுதான். அவர் எடை போட்டுப் பார்த்து, மூடி ஒன்று போதாது, இரண்டாகக் கட்டு என்றார்.

மூன்றாவது தடவைதான் கடைசி. அதிலும் தோற்றால் மூன்று வருஷம் மனுப் போட முடியாது. அந்தத் தேர்வு அன்றைக்கு மத்தியானம் மூன்று மணிக்கு. காலை பதினோரு மணிக்கு அவன் எங்கே இருக்கிறான் என்றால், தராசார் கடை வாசலில் வரிசையில்.

ஆபீஸ் அலமாரிச் சாவி வெட்ட என்னிடம் வந்திருந்த அக்கா அவனைப் பார்த்துவிட்டாள். தெருவைத் தாண்டிப் போனாள்.

"இங்க என்னடா பண்றே?"

"வரிசையில நிக்கிறேன்."

"அது தெரியுது. மூணு மணிக்கு டெஸ்ட்டு."

"போகலைக்கா. ஒண்ணேகால் கிலோ கசிஞ்சிருக்காம். இன்னைக்குப் போனா நிச்சயம் தோப்பேன்னு சொல்லிட்டார். அடுத்த மாசம் நிரம்பிடும்."

"அடுத்த மாசம் உனக்கு டெஸ்ட்டு வைக்கப்போறது யாரு, அவரா?"

"தெரிஞ்சே போய்த் தோத்துட்டு வரச் சொல்றியா? மூணு வருஷம் போயிடும்க்கா."

"போகாம இருந்தா?"

போகாவிட்டாலும் அதே மூன்று வருஷம்தான் என்பது அவன் கணக்கில் வரவே இல்லை போலிருக்கிறது. தராசார் கணக்கில் நன்றாக வந்திருக்கும். போகாதவன் தோற்க மாட்டான், அவர் வாக்கும் பொய்க்காது, வரிசையும் குறையாது.

"நேத்து பாப்பா உன் காலைக் கட்டிக்கிட்டு அழுதா. நீ சுவரைப் பிடிச்சுக்கிட்டு நின்னே. நான் பார்த்தேன்டா" என்றாள் அக்கா. அவன் தலையைக் குனிந்துகொண்டான். ஆனால் வரிசையை விட்டு நகரவில்லை.

அவள் விறுவிறுவென்று போய்விட்டாள். கோபித்துக்கொண்டு போகிறாள் என்றுதான் நினைத்தேன். ஒரு மணி நேரம் கழித்து, சாப்பாட்டு இடைவேளையில் தள்ளுவண்டியைத் தள்ளிக்கொண்டு வந்தாள். வண்டியில் காக்கிக் காகிதம் சுற்றிச் சணல் கட்டிய ஒரு சின்னப் பொட்டலம். இத்தனூண்டு பொட்டலத்துக்கு வண்டி எதற்கு என்று யோசித்தேன். வரிசையில் நின்ற தம்பியையும் இழுத்துக்கொண்டு அவள் உள்ளே போனாள், சாவிகளை அப்படியே போட்டுவிட்டு நானும் பின்னால் போனேன். வியாபாரம் எங்கே ஓடிவிடப் போகிறது.

பொருள்களுக்கும் அதிர்ஷ்டம் பார்க்கும் சேவையைத் தராசார் அந்த வாரம்தான் தொடங்கியிருந்தார். முதல் நாள் ஒரு தையல் மெஷினுக்கு அரைக் கிலோ கசிவு கண்டுபிடித்தார்.

"இது என்னம்மா?"

"என் தம்பியோட ஜாமான். இதையாவது டெஸ்ட்டுக்கு எடுத்துட்டுப் போலாமான்னு பார்த்துச் சொல்லுங்க."

"எனக்கு ஏதுக்கா ஜாமான்?" என்று தம்பி ஆரம்பித்தான். அக்கா அவன் காலை மிதித்தாள். மிதி இரட்டை மூடியின் மேல் விழுந்ததால் அவனுக்கு வலிக்கவில்லை, ஆனால் புரிந்தது.

நாற்காலியை எடுத்துவிட்டுப் பொட்டலத்தை மேடையில் வைத்தார்கள். முள் இருபதில் நின்றது. தராசார் தன் ஆசனத்தில் அமர்ந்து கண்ணை மூடினார். முள் இறங்கியது. பத்தொன்பது. இன்னும் கொஞ்சம். பதினெட்டே முக்காலில் வந்து நின்றது. சுற்றியிருந்தவர்கள் உச்சுக் கொட்டினார்கள்.

"தம்பிக்கு இருக்கிற அதே ஒண்ணேகால். அச்சுப் பிசகலை" என்றார் தராசார்.

"உள்ள இருக்கறது எப்படிங்க, நல்ல மனசா?"

"மனசு நல்ல மனசுதான். ஆனா ரொம்ப பயந்த சுபாவம். உள்ளுக்குள்ள ஒரு நடுக்கம் இருக்கு. அக்கம்பக்கத்துப் பொறாமை வேற. தூக்கமே இல்லை."

"ஐயோ பாவம்" என்றாள் அக்கா. சணலை அறுத்துக் காகிதத்தைப் பிரித்தாள்.

உள்ளே கறுகறுவென்று ஓர் இரும்பு எடைக்கல். மேலே வளையம். பக்கத்தில் இருபது என்று எழுத்து, அதன் கீழே அரசாங்க முத்திரை.

"எங்க ஆபீஸ் கல்லுங்க. வருஷா வருஷம் சோதிச்சு முத்திரை குத்துறாங்க. இருபத்திரண்டு வருஷமா எனக்குத் தெரியும். ஒரு நாளும் நடுங்கினதில்லை. தூங்கலைன்னும் புகார் சொன்னதில்லை. இதைப் பார்த்துப் பொறாமைப்பட எங்க தராசுக்கும் தெரியாது."

கூட்டத்தில் சிரிப்பு எழுந்தது. முடிந்தது கதை என்று நான் நினைத்தேன். ஏமாற்றுக்காரனை நாம் லேசாக எடை போட்டுவிடுகிறோம். தராசாருக்கு முகத்தில் ஒரு சுருக்கம்கூட விழவில்லை.

"இரும்புக்கு அதிர்ஷ்டம் இல்லைன்னு யார் சொன்னது?" என்றார். "எத்தனை லட்சம் பார்சலுக்கு நியாயம் சொல்லியிருக்கு இந்தக் கல்லு. களைச்சுப் போயிருக்கும்மா. இதையும் ஏழு தடவை கொண்டு வாங்க."

"அதுவும் நியாயந்தானே" என்றது ஒரு குரல். "இரும்பு துருப்பிடிக்குதே, அது கசிவுதானே" என்றது இன்னொன்று. நான் தலையில் அடித்துக்கொண்டேன். ஆடு கசாப்புக்காரனைத்தான் நம்பும் என்று சும்மாவா சொன்னார்கள். அக்கா தம்பியைப் பார்த்தாள். அவள் கண்ணில் தண்ணீர் நின்றது.

தம்பி முள்ளைப் பார்த்துக்கொண்டிருந்தான்.

"இப்ப இது பதினெட்டே முக்கால் கிலோவாங்க?"

"ஆமா தம்பி. உங்க கண் முன்னாலதானே காட்டுது."

அவன் மேடை அருகில் போனான். இடுப்பை வளைக்காமல் முழங்காலை மடக்கி, சுமை தூக்குகிறவர்கள் உட்காருகிற மாதிரி உட்கார்ந்தான். வளையத்தில் விரலைக் கோத்துக் கல்லை ஒரு சாண் தூக்கினான். அப்படியே பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் இருந்தான். இடுப்பு வலி முகத்தில் தெரிந்தது.

"இது இருபது" என்றான்.

"முள் சொல்றதை விட உங்க கை—"

"பதினோரு வருஷம் இந்தக் கையில தூக்கியிருக்கேன். மூட்டையில அரைப் படி குறைஞ்சாலே வண்டிக்காரர்கிட்ட சொல்லிடுவேன். ஒண்ணேகால் கிலோ போயிருந்தா எனக்குத் தெரியாதாங்க? இருபதுதான். ஒரு பிடிகூடக் குறையலை."

சொல்லிவிட்டுக் கல்லை மேடையில் திரும்ப வைத்தான். வாதாடுகிற மும்முரத்தில் தராசார் எதையோ மறந்துவிட்டார் போலிருக்கிறது. முள் விருட்டென்று எழும்பி இருபதில் போய் நின்றது. ஏழு தடவை வரவில்லை. செப்புக் குண்டை அந்தக் கல் தொடவும் இல்லை.

"இப்ப யாருங்க நிரப்பினது?" என்று கேட்டான் தம்பி.

யாரும் சிரிக்கவில்லை. எல்லோரும் முள்ளைப் பார்த்தார்கள். பிறகு முதல் முறையாக, தராசாரின் காலைப் பார்த்தார்கள். அவர் காலை மெதுவாக உள்ளே இழுத்துக்கொண்டார்.

தம்பி தராசின் விளிம்பில் தோளைக் கொடுத்து ஒரு தள்ளுத் தள்ளினான். அது சக்கரம் வைத்தது, இரண்டடி நகர்ந்தது. கம்பளம் சுருண்டது. கூரை மேஸ்திரி தன் ஊன்றுகோலால் கம்பளத்தை மேலும் நெம்பி விலக்கினார். தராசாரின் ஆசனத்துக்கு அடியில் ஒரு மிதிகட்டை. அதிலிருந்து ஓர் இரும்புக் கம்பி. கம்பியின் மறுமுனை, இத்தனை நாளும் மேடைக்கு அடியில் இருந்திருக்கிறது. கட்டையை மிதித்தால் கம்பி மேடையை மேலே தூக்கும், எடை குறையும், அதிர்ஷ்டம் கசியும். காலை எடுத்தால் நிரம்பும். இவ்வளவுதான் சூத்திரம். குதிகாலில்தான் விஷயம் இருக்கிறது என்று அவர் சொன்னது பொய்யில்லை, யாருடைய குதிகால் என்பதைத்தான் சொல்லவில்லை.

கூட்டத்தில் நின்ற சலவைக் கடை அம்மா பின்கட்டுத் திரையை விலக்கினாள். பழைய செருப்புக் கடைக்காரர் விட்டுப்போன அட்டைப் பெட்டிகள் கூரை வரைக்கும் இருந்தன. எல்லாம் செருப்புக்கு அடிக்கிற ரப்பர் குதிகால். ஆறாம் நம்பர், ஏழாம் நம்பர் என்று பெட்டியிலேயே எழுதியிருந்தது.

"ஏங்க" என்றார் சலூன்காரர், நிஜமான வருத்தத்தோடு. "இன்னைக்கு இப்படி ஆகும்னு காலையில உங்களை நீங்க எடை போட்டுப் பார்க்கலையா?"

தராசார் ஓட மட்டும் பார்த்தார். சலவைக் கடை அம்மா கோட்டைப் பிடித்துக்கொண்டாள். வெள்ளைத் துணியை எப்படிப் பிடிக்க வேண்டும் என்று அவளுக்குத் தெரியும். வாங்கியதையெல்லாம் கக்க வைத்த பிறகுதான் போலீசிடம் ஒப்படைத்தார்கள். அவர் நடந்து போகும்போது பின்னாலிருந்து கவனித்தேன். காலில் மூடி இல்லை.

கூட்டம் அதற்குள் திருந்திவிட்டது என்று நினைத்தால் நீங்களும் வரிசையில் நின்றவர்தான். கண்ணாடி போட்ட ஒருத்தர், பார்த்தால் நாலு பட்டம் வாங்கியவர் மாதிரி இருப்பார், அக்காவிடம் ரகசியமாக வந்தார்.

"அந்தாள் தராசு போலி, சரி. உங்க ஆபீஸ் தராசு அரசாங்க முத்திரை போட்டதாச்சே. அதுல எனக்கு ஒரு தடவை பார்த்துச் சொல்ல முடியுமா?"

"வாங்க. ஏறி உட்காருங்க, எடை போட்டு ஸ்டாம்பு ஒட்டி அனுப்பிடறேன். எந்த ஊருக்குன்னு மட்டும் சொல்லுங்க" என்றாள் அக்கா.

மணி இரண்டே கால். தம்பி என் கடைப் படியில் உட்கார்ந்து மூடிகளை அவிழ்த்தான். நாலையும் தூக்கிக் குப்பைத்தொட்டியில் போட்டான்.

"பயமா இருக்குக்கா."

"இருக்கட்டும்டா. பயத்தோடயே போ."

போனான். மூன்று மணியிலிருந்து ஐந்து மணி வரை நான் வெட்டிய சாவிகளில் இரண்டு இன்னும் எந்தப் பூட்டையும் திறக்கவில்லை. என் கண் தெருமுனையிலேயே இருந்தது. அக்கா கவுண்ட்டரை மூடிவிட்டு வந்து என் பக்கத்தில் நின்றாள். ஐந்தரைக்கு வந்தான். சட்டைப் பையிலிருந்து ஒரு சீட்டை எடுத்து அவளிடம் நீட்டினான். அவள் படித்தாள், மறுபடியும் படித்தாள். பிறகு அவனைக் கட்டிக்கொண்டு தெருவென்றும் பாராமல் அழுதாள். எனக்கும் கண் கலங்கியது, அதை மறைப்பானேன்.

சலவைக் கடை அம்மாவுக்கு மட்டும் ஒரு சந்தேகம் தீரவில்லை. "ஒண்ணுமே நிரப்பிக்காம எப்படிப்பா ஜெயிச்சே?" என்று கேட்டாள்.

"பலகை எங்க இருக்கு, தட்டு எங்க இருக்குன்னு பார்த்துக்கிட்டே இருந்தேம்மா. அதிர்ஷ்டம் எங்க இருக்குன்னு பார்க்க நேரமில்லை" என்றான்.

மனிதனுக்குக் கழுத்துக்கு மேலே நாலு நாலரைக் கிலோ இருக்கிறதாம், டாக்டர்கள் சொல்கிறார்கள். பிறந்ததிலிருந்து அதைச் சும்மா சுமந்துகொண்டு திரிகிறோம். அதை எந்தத் தராசிலும் கொண்டுபோய் வைக்க வேண்டாம் ஐயா, கொஞ்சம் வேலை வாங்கினால் போதும்.